மாக் துரிக்கு ஒரு மருமகள்

பாசிப்பயறு ரெண்டாம் பறிப்பு நடந்துக்கிட்டிருந்த வாரம். சந்தையில ருஸ்மினிக்கு மிளகாய் தர மாட்டேன்னுட்டாங்க. காசை நீட்டிக்கிட்டு நிக்கறா மனுஷி. கூடைக்காரி ஒரு தரம் அவ மூஞ்சியப் பாத்தா, ரெண்டு கையாலயும் மிளகாயை மூடிக்கிட்டா.

"உனக்குக் கிடையாது. போன வாரம் அந்தப் பொண்ணு கண்ணுல மிளகாய்த் தண்ணி தெளிச்சவதானே நீ? என் கடை மிளகாயில அந்தப் பாவத்தைச் செய்ய விடமாட்டேன்."

"அது நடிப்புங்க..."

"நடிப்பா? அந்தப் பொண்ணு கதறிச்சே, அதுவும் நடிப்பா?"

ஆமா, அதுவும் நடிப்புதான். ஆனா ருஸ்மினி அதைச் சொல்லலை. மன்னிப்புக் கேட்டுட்டுத் திரும்பி வந்துட்டா. அன்னைக்கு அவ வீட்டுல சம்பல் இல்லாம, வறுத்த தெம்பேயை, அதான் சோயா வில்லையை, உப்புத் தொட்டுத் தின்னாங்க.

அவ அப்படிப்பட்ட ஆளு. வாயில்லாப் பூச்சி. காயப் போட்ட நெல்லைக் கோழி கொத்துனா, "போதும்மா, வயிறு வலிக்கும்"னு சொல்லுவா. எங்க ஆடு அவ பயத்தங்கொல்லையில பூந்து ஒரு வரிசையே மேஞ்சப்ப, அதுக்குத் தண்ணி காட்டி, நிழல்ல கட்டிவெச்சு, எனக்கு ஆள் விட்டுச் சொன்னவ. இப்படி ஒரு பொம்பளையைத்தான் நாலு லட்சம் பேரு "இவளை யாராவது உதைங்களேன்"னு எழுதிக்கிட்டிருக்காங்க.

எல்லாம் குனார்னோ பண்ணுன வேலை. கல்யாண வீடியோ எடுத்துக்கிட்டிருந்த பய. நோய்க் காலத்துல கல்யாணம் நின்னுபோச்சு, கையில கேமரா சும்மா கிடந்துச்சு. ஊர்க்காரங்களையே நடிக்க வெச்சு, எங்க ஜாவா பேச்சுலயே குட்டிக் குட்டிக் கதையா எடுத்து நெட்டுல போட ஆரம்பிச்சான். கொடுமைக்கார மாமியார் வேஷத்துக்கு வேற ஒருத்தியத்தான் பேசியிருந்தான். அவளுக்குக் காய்ச்சல். எல்லாருக்கும் டீ கொண்டுவந்த ருஸ்மினியை நிறுத்தி, ரெண்டு வரி சொல்லிக் குடுத்து, "ஆக்‌ஷன்"ன்னான்.

அல்லாவே! அந்தத் தொண்டையிலருந்து வந்த சத்தத்தைக் கேட்டு, சுவர் மேல படுத்திருந்த பூனை கீழ விழுந்துடுச்சு. "கட்"ன்னதும் இவ பழையபடி ருஸ்மினி. "யாரு மனசாவது நோகுற மாதிரிப் பேசிட்டேனா?"ன்னு ஒவ்வொருத்தர்கிட்டயா கேட்டுக்கிட்டே டீ கிளாசைப் பொறுக்கினா. அன்னையிலருந்து அவ மாக் துரி. மாக்னா அம்மா, துரின்னா முள்ளு.

அவளோட படப் புருஷன் நான்தான், தார்மின். சினிமாக்காரன்னு நினைச்சுடாதீங்க, எனக்கு ஒரு ஏக்கர் பயறும் மூணு ஆடும்தான். படத்துல எனக்கு வேலை ரொம்பச் சுலபம். அவ எதைச் சொன்னாலும் "ஆமா"ன்னு தலையாட்டணும். அவளோட நிஜப் புருஷன் பார்ஜான், தலைக்கு மேல மைக் கம்பைத் தூக்கிப் பிடிச்சுக்கிட்டு நிப்பான். திட்டு எனக்கு, கைவலி அவனுக்கு. "வீட்டுல வாங்கறது பத்தாதுன்னு வெளியில போய் வேற வாங்கிட்டு வரீங்களா?"ன்னு என் பொண்டாட்டி முர்னி கேப்பா.

எங்களைப் பாக்கறவங்க யாருன்னா, முக்காவாசி ஹாங்காங்லயும் தைவான்லயும் வீட்டு வேலை செய்யற நம்ம பொம்பளைங்க. ஞாயித்துக்கிழமை லீவுல அட்டையை விரிச்சுப் பார்க்குல உக்காந்து, ஒரே மூச்சுல ஏழெட்டுப் பாகம் பாப்பாங்க. சொந்தப் பேச்சைக் காதால கேக்க அவ்வளவு ஆசை. அழுவாங்க, சிரிப்பாங்க, மாக் துரியைச் சபிப்பாங்க.

இப்ப விஷயத்துக்கு வரேன். ருஸ்மினிக்கு ஒரே மகன் டிடிக். ஃபோன் ரிப்பேர் கடை வெச்சிருக்கான். ப்ளோரா டவுன் பக்கத்துல பாலர் பள்ளியில டீச்சரா இருக்கற லாராஸ் மேல உசுரு. அவளுக்கும் அப்படித்தான். அவ சின்னப் பிள்ளையா இருக்கறப்பவே அப்பா போயிட்டாரு. அம்மா வுர்யானி பதினோரு வருஷம் ஹாங்காங்ல இருந்துட்டு, வந்து மூணு மாசம்தான் ஆகுது. அந்த அம்மா அங்க இருந்தப்ப ஞாயித்துக்கிழமை தவறாம எங்களைத்தான் பாத்திருக்காங்க. இது டிடிக்குக்குத் தெரியும். பையனோட அம்மா யாருங்கறதை வீட்டுல சொல்லாம மறைச்சது லாராஸ். ரெண்டும் கூட்டுக் களவாணிங்க.

"நேர்ல பாத்தா அம்மாவை அவங்களுக்குப் புடிச்சுப்போயிடும்"னு டிடிக் நினைச்சிருக்கான். நல்ல நினைப்பு!

பொண்ணு கேட்டுப் போறதுக்கு முந்தின நாள் ஜெனாங் கிண்டினோம். கொப்பரை நிறையத் தேங்காப்பாலும் வெல்லமும் ஒட்டரிசி மாவும். காலையில அடுப்பு மூட்டுனா மத்தியானம் தாண்டி இறக்கற பண்டம் அது, கை எடுத்தா அடிபிடிச்சுடும். நானும் பார்ஜானும் மாத்தி மாத்தித் துடுப்புப் போட்டோம். ஜெனாங் இப்படி ஒட்டிக்கிட்டிருந்தாத்தான் புருஷன் பொண்டாட்டியும் பிரியாம ஒட்டிக்கிட்டு இருப்பாங்க.

"அண்ணே, நாளைக்கு எங்க சார்பா நீங்கதான் பேசணும்"ன்னான் பார்ஜான். பெத்தவங்க வாயால பொண்ணு கேக்கறது எங்க வழக்கம் இல்லை. குரல் நல்லா இருக்கற ஒரு பெரியாளு கேக்கணும். அவரு என்ன சொன்னாலும் அதுதான் அந்தக் குடும்பத்தோட சொல்லு.

"என்னை விட்டா யாரு இருக்கா?"ன்னேன். மெய்யாவே எனக்குத் தலைகால் புரியல. மரியாதைப் பேச்சா அழகா மனப்பாடம் பண்ணி, எங்க ஆடுங்க முன்னாடி மூணு தரம் சொல்லிப் பாத்தேன்.

"ஆட்டுக்கிட்ட பேசற மாதிரியே அங்கயும் பேசிட்டு வாங்க. ஒரு வார்த்தை கூடவும் வேணாம், குறையவும் வேணாம்"னா முர்னி.

மறுநாள் வேன் புடிச்சுப் போனோம். எங்க கருப்பு மண்ணு வெயில் காலத்துல வாயைப் பொளந்துக்கும், ரோடும் சேந்து பொளந்துக்கும். ஒவ்வொரு குழிக்கும் ஜெனாங் தட்டு என் மடியிலருந்து ஒரு முழம் எம்பிச்சு. ருஸ்மினி மூலையில ஒடுங்கி உக்காந்து, கைக்குட்டையைப் பிழிஞ்சுக்கிட்டே வந்தா.

"அம்மா, நீங்க எதுவும் பேச வேணாம். சும்மா சிரிச்சா போதும்"னு டிடிக் சொன்னான்.

கெடுத்தான். மாக் துரி சிரிச்சா அடுத்த நிமிஷம் ஏதோ விபரீதம்னு நாலு லட்சம் பேருக்கும் தெரியும். டீத் தட்டோட உள்ளருந்து வந்த வுர்யானி ருஸ்மினியைப் பாத்தாங்க. இவ சிரிச்சா. தட்டுல இருந்த கிளாஸ் மூடியெல்லாம் கடகடன்னு ஆடிச்சு. அந்த அம்மா தட்டை வெச்ச கையோட லாராஸைத் தன் முதுகுக்குப் பின்னால தள்ளிக்கிட்டாங்க.

நான் தொண்டையைச் செருமிக்கிட்டு ஆரம்பிச்சேன். பூவுக்கு வண்டு, கொடிக்குக் கொழுகொம்புன்னு ஒரு எழுத்து விடாமச் சொல்லி முடிச்சேன். பொண்ணோட தாய்மாமன் சுகெங் ரசிச்சுத் தலையாட்டுனாரு. பதில் அவரு சொல்லியிருக்கணும். ஆனா வுர்யானி முந்திக்கிட்டாங்க.

"உங்க பையன் தங்கமான பையன்தான். எங்களுக்கு ஒரு குறையும் இல்லை. ஆனா நாள் ஒத்துவரலையே. நாளோட யாரு சண்டை போட முடியும்?"

எங்க பக்கம் ஏழு கிழமைக்கும் அஞ்சு சந்தை நாளுக்கும் தனித்தனி எண் உண்டு, பொறந்த நாளுக்கு உள்ள ரெண்டையும் கூட்டித்தான் ஜோடிப் பொருத்தம். பொழுது சாஞ்சா மறுநாள் கணக்கு. லாராஸ் பொழுது சாஞ்சப்புறம் பொறந்தவன்னு டிடிக் சொல்லி, வெள்ளிக்கிழமை, பாஹிங் சந்தைன்னு வெச்சு நாங்க பாத்துட்டோம். டிடிக்கோட கூட்டுனா இருபத்தேழு, எட்டால வகுத்தா மிச்சம் மூணு. மூணுன்னா ஜோடிப் பொருத்தம். வுர்யானி என்னடான்னா, பொழுது சாயறதுக்கு முன்னாடியே பொறந்துட்டா, வியாழன் லெகிதான்னாங்க. அப்ப இருபத்தஞ்சு, மிச்சம் ஒண்ணு. ஒண்ணுன்னா பிரிவு.

ஆனா என் மண்டையில ஓடுனது கணக்கு இல்லை. அந்த அம்மா சொன்ன வசனம் எங்க அறுபத்தோராம் பாகத்து வசனம்! மாக் துரி ஒரு ஏழைப் பொண்ணைத் தட்டிக்கழிக்கறதுக்குச் சொன்னது. எழுத்து மாறாம அவ வசனத்தை அவ மூஞ்சிக்கு நேராவே திருப்பிச் சொல்றாங்க. அந்தப் பாகத்துல, இதே மாதிரி ஒரு நாற்காலியில, இதே மாதிரி டீ கிளாசோட உக்காந்திருந்தவன் நான். அந்த வசனம் முடிஞ்சா நான் பேசணும். பதினாலு தடவை எடுத்தான் அந்தப் படுபாவி குனார்னோ. நாக்குக்குப் பழகிப்போச்சு. வாய் தன்னால திறந்துச்சு.

"ஆமாங்க. நாள்தானே பெரிசு? அதை மீறறதுக்கு நாம யாரு?"

சொல்லி முடிச்சப்புறம்தான் சொன்னது நான்னு எனக்கே தெரிஞ்சுச்சு. பக்கத்துல திரும்பினா, பார்ஜான் ரெண்டு கையையும் தலைக்கு மேல தூக்கிக்கிட்டு உக்காந்திருக்கான், மைக் கம்பே இல்லாம.

"பெரிய மனசு உங்களுக்கு. இவ்வளவு பக்குவமா எடுத்துக்குவீங்கன்னு நாங்க நினைக்கல"ன்னு சுகெங் எழுந்து என் கையைப் புடிச்சுக்கிட்டாரு. சோறு போட்டாங்க. கோழி சோத்தோ சூப்பு நல்லாத்தான் இருந்திருக்கும், எனக்கு இறங்கல. லாராஸ் உள்ள அழற சத்தம் கேட்டுச்சு.

வேன் பாதி தூரம் வந்துடுச்சு. அப்புறம் டிடிக் கேட்டான்.

"பெரியப்பா, நீங்க எங்க பக்கமா, அவங்க பக்கமா?"

"டேய், வாய் தவறிடுச்சுடா..."

"வாய் தவறினா ஒரு வார்த்தை தவறும். நீங்க ரெண்டு வரி சொன்னீங்க."

"விடுப்பா. பெரியப்பாவுக்கும் மனசு கஷ்டமாத்தான் இருக்கும்"னா ருஸ்மினி. அவ என்னைத் திட்டியிருந்தா நல்லா இருந்திருக்கும். அன்னைக்கு முர்னி எனக்குத் தட்டுல சோத்தை மட்டும் வெச்சா. குழம்பு எங்கன்னு கேட்டேன். "ஹாங்காங்ல கேளுங்க"ன்னா.

ரெண்டு நாள் கழிச்சு, களத்துல பயத்தங்காயைக் காய வெச்சுத் தடியால அடிச்சுக்கிட்டிருந்தோம். குனார்னோ வந்து நின்னான்.

"இதுக்குப் போயா கவலை? அந்தம்மா படத்தைப் பாத்துத்தானே பயந்தாங்க. மாக் துரியைத் திருத்திடுவோம். மருமக காலைக் கழுவி மன்னிப்புக் கேக்கட்டும். பாத்துட்டு அவங்களே ஓடி வருவாங்க."

எடுத்தோம். களத்து ஓரத்துலயே, பயத்தந்தோலும் பொட்டும் பறக்கப் பறக்க. படத்து மருமக காலை ருஸ்மினி செம்புத் தண்ணியில கழுவினா. மகனை நினைச்சுக்கிட்டாளோ என்னவோ, மெய்யாவே விக்கி விக்கி அழுதா. குனார்னோ அன்னைக்கே போட்டுட்டான். எல்லாரும் அவன் ஃபோனைச் சுத்தி உக்காந்தோம்.

முதல் கமெண்ட் வந்துச்சு. "நம்பாதே பொண்ணே! அந்தத் தண்ணியில என்ன கலந்திருக்கான்னு பாரு!"

அடுத்தது. "இன்னைக்குக் காலைக் கழுவறா. நாளைக்குக் காலை ஒடிப்பா."

தைவான்லருந்து ஒருத்தி: "இவ்வளவு நல்லா அழறான்னா ஏதோ பெரிசாத் திட்டம் போட்டிருக்கா. எனக்குக் கை நடுங்குது."

ஆயிரத்து நூறு கமெண்ட். ஒருத்தரு, ஒரே ஒருத்தரு நம்பணுமே! லாராஸ்கிட்டயிருந்து டிடிக்குக்குச் செய்தி வந்துச்சு. "அம்மா பாத்துட்டாங்க. முன்னைவிட இப்பத்தான் ரொம்பப் பயமா இருக்காம். திங்கக்கிழமை தாலுகா ஆபீஸ்காரர் ஒருத்தரோட வீட்டுலருந்து என்னைப் பாக்க வராங்க. நான் என்ன பண்ணட்டும்?"

டிடிக் அதைப் படிச்சுட்டு, ஃபோனைப் பயத்தங்குவியல் மேல வெச்சுட்டு, கொல்லைப்பக்கம் போயிட்டான். இருபத்தாறு வயசுப் பையன் அழறதைக் கேக்கவே முடியல. ருஸ்மினி முறத்தைக் கீழ வெச்சா.

"ஞாயித்துக்கிழமை நான் போறேன்."

"போய்?" பார்ஜான் கேட்டான்.

"தெரியல. போறேன்."

நாலு பேரா போனோம். நான் கூடப் போனது பாவத்தைக் கழுவ. வாயைத் திறந்தா வீட்டுக்கே வர வேணாம்னு முர்னி சொல்லித்தான் அனுப்பினா.

வுர்யானி வாசல்லயே மறிக்கலை, அது மரியாதை இல்லையே. உக்கார வெச்சாங்க, டீ குடுத்தாங்க. சுகெங்கும் வந்து உக்காந்தாரு. லாராஸ் உள்கட்டுத் திரைக்குப் பின்னால நிக்கறா, பாதம் மட்டும் தெரியுது.

"பேசி முடிஞ்ச விஷயம்தானே இது? உங்க பெரியவரே ஒத்துக்கிட்டாரு"ன்னாங்க வுர்யானி. நான் தரையில எறும்பு எண்ணினேன்.

ருஸ்மினி வாயைத் திறந்தா. "நான்... வந்துங்க... எங்க பையன்..." அதோட நின்னுடுச்சு. மறுபடி திறந்தா. காத்துத்தான் வந்துச்சு. வேர்த்து ஊத்துது. தலையைக் குனிஞ்சுக்கிட்டா.

"பாத்தீங்களாண்ணே?" வுர்யானி குரலைத் தாழ்த்தினாங்க. "முப்பத்திரண்டாம் பாகத்துலயும் இப்படித்தான், பூனை மாதிரி தலையைக் குனிஞ்சுக்கிட்டு உக்காந்திருந்தா. அன்னைக்குத்தான் அந்தப் பொண்ணோட நகையைத் திருடினா."

டிடிக் என்னைப் பாத்தான். பார்ஜானும் என்னைப் பாத்தான். என்னால தாங்க முடியல. முர்னி என்னை வீட்டுல சேக்கலேன்னா ஆட்டுக் கொட்டகையில படுத்துக்கறேன்னு முடிவு பண்ணிட்டு, ருஸ்மினி காதுக்கு மட்டும் கேக்கற மாதிரி ஒரே ஒரு வார்த்தை சொன்னேன்.

"ஆக்‌ஷன்."

முதுகு நிமிந்துச்சு. தாடை மேல ஏறிச்சு. தோள்ல கிடந்த மேல்துண்டை இழுத்து இடுப்புல செருகினா. வுர்யானி நாற்காலியோட ஒரு அடி பின்னால போனாங்க. சுகெங் ரெண்டு அடி. மாக் துரி எழுந்து நின்னு, சுத்தி ஒரு தரம் பாத்து, பெத்த மகன் பக்கம் திரும்பினா.

"டேய்! எந்திரிடா! உக்காந்திருக்கான் பாரு, ஊசிப்போன தெம்பே மாதிரி! பொண்ணு கேட்டு வந்துட்டாராம் தொரை. தின்ன தட்டை என்னைக்காவது கழுவியிருக்கியாடா? அழுக்குச் சட்டையைத் தூக்கிக் கொடியில போடத் தெரியுமாடா உனக்கு? இந்தப் பொண்ணோட அம்மா பதினோரு வருஷம் கடல் தாண்டிக் கிடந்து, ஊரான் வீட்டுக் கக்கூசைக் கழுவி, ஊரான் பிள்ளைக்குச் சோறூட்டி, இவளைப் படிக்க வெச்சிருக்காங்க. அப்படி வளத்த பிள்ளைடா இது! உன்னால இவ கண்ணுலருந்து ஒரு சொட்டுத் தண்ணி விழட்டும். ஒரே ஒரு சொட்டு! நான் என்ன பண்ணுவேன் தெரியுமா? எந்த வாய்க்காக ஊரே என்னைக் காறித் துப்புதோ, அந்த வாயைத் திறப்பேன்டா. பெத்த மகன்னு பாக்கமாட்டேன். வாசல்ல நிக்க வெச்சு, ஹாங்காங் வரைக்கும் கேக்கற மாதிரி திட்டுவேன்! பொண்டாட்டியை அழ வெச்சிட்டு ‘அம்மா'ன்னு என் மடியில வந்து விழலாம்னு நினைச்சே, அந்த மடியிலருந்து எட்டி உதைப்பேன்!"

அப்படியே பார்ஜான் பக்கம் திரும்பினா. "நீ என்னய்யா பாக்கறே? மகனுக்குப் பரிஞ்சுக்கிட்டு வந்தே, உனக்கும் உலை கிடையாது!"

"நான் ஒண்ணுமே சொல்லலையே"ன்னான் பார்ஜான், பாவம்.

"கட்" சொல்ல குனார்னோ இல்லை. எனக்கும் தைரியம் இல்லை. அவ பாட்டுக்குப் போய்க்கிட்டே இருந்தா. டிடிக்கோட குறட்டை, டிடிக்கோட தலைமுடி, சின்ன வயசுல பக்கத்து வீட்டுக் கொய்யாவைத் திருடினது, எல்லாம் வந்துச்சு. தெருவுல போற ரெண்டு பேரு வாசல்ல நின்னுட்டாங்க. ஒருத்தன் ஃபோனைத் தூக்கிட்டான். அப்ப திரைக்குப் பின்னாலருந்து லாராஸ் சிரிச்சுட்டா. அடக்கி அடக்கிப் பாத்து, முடியாமச் சிரிச்ச சிரிப்பு. அதைக் கேட்டதும் ருஸ்மினிக்குத் தன் நினைப்பு வந்துடுச்சு. சுத்திப் பாத்தா. பொத்துன்னு உக்காந்துட்டா.

"மன்னிச்சுடுங்கம்மா. உங்க வீட்டுல வந்து சத்தம் போட்டுட்டேன்."

வுர்யானி பின்னால போன நாற்காலியை முன்னால இழுத்துப் போட்டுக்கிட்டாங்க. அப்புறம் கேட்டாங்க.

"இது எத்தனாவது பாகம்?"

"இது பாகம் இல்லைங்க. என் பையன்"னா ருஸ்மினி.

வுர்யானி டீ கிளாஸ் மூடியைத் திறந்தாங்க, மூடினாங்க. பேச ஆரம்பிச்சப்ப ருஸ்மினியைப் பாக்காமத் தரையைப் பாத்துத்தான் பேசினாங்க.

"இவ நாலாங்கிளாஸ் படிக்கறப்ப, ஸ்கூல்ல யாரோ அம்மா ஓடிப்போனவன்னு சொல்லிட்டாங்கன்னு ஃபோன்ல அழுதா. நான் அந்த வீட்டுக் குழந்தைக்கு முட்டை அவிச்சுக்கிட்டிருந்தேன். யாருடி அது, குடு ஃபோனைன்னு கத்தணும்போல இருந்துச்சு. எஜமானியம்மா தூங்கிட்டிருந்தாங்க. மெதுவா, ‘அழாதம்மா'ன்னு சொல்லிட்டு வெச்சுட்டேன். பதினோரு வருஷமும் மெதுவாவே பேசிட்டேங்க. என் பொண்ணுக்காகச் சத்தம் போட இந்த ஊருல ஒரு வாய் இல்லாமப் போச்சு."

கண்ணைத் துடைச்சுக்கிட்டாங்க. துடைச்சுட்டு, அண்ணன் பக்கம் திரும்பின குரலே வேற மாதிரி இருந்துச்சு.

"அண்ணே, அந்தக் கணக்குத் தாளை எடுங்க. லாராஸ் பொறந்தது பொழுது சாஞ்சப்புறம். மக்ரிப் பாங்கு சொல்லி முடிச்சுட்டாங்க. வெள்ளிக்கிழமைன்னு போடுங்க."

சுகெங்குக்கு ஒண்ணும் புரியல. "மருத்துவச்சி வீட்டு வாசல்ல நின்னவன் நான்தானேம்மா? நல்ல வெயிலு. கோழிகூட இன்னும் அடையலை. போன வாரம் நீயே வியாழன்னு அடிச்சுச் சொன்னியே?"

"அண்ணே," வுர்யானி நிமிந்து உக்காந்தாங்க, "இவளைப் பெத்தது நானா, நீங்களா?"

சுகெங் பென்சில் நுனியை நாக்குல தொட்டுக்கிட்டு, வெள்ளி பாஹிங்லருந்து எண்ண ஆரம்பிச்சாரு.